தீர்ப்புக்குப் பின் தொடங்கும் வழக்கு

பேருந்து நிலையத்தில் நிற்கும் அரசுப் பேருந்தில் நீதிமன்ற அமீனா ஜப்தி நோட்டீஸ் ஒட்டும் படம் நம் நாளிதழ்களின் மாவட்டப் பக்கங்களில் அடிக்கடி வரும். விபத்தில் இறந்தவரின் குடும்பத்துக்கு இழப்பீடு தரச் சொல்லித் தீர்ப்பாகியிருக்கும், போக்குவரத்துக் கழகம் தந்திருக்காது. குடும்பத்தார் நிறைவேற்று மனு போடுவார்கள், நீதிமன்றம் ஜப்திக்கு உத்தரவிடும், வண்டி நீதிமன்ற வளாகத்துக்குப் போய் நிற்கும். எடுத்த நிலத்துக்குப் பணம் தராத வழக்குகளில் அரசு அலுவலகத்து நாற்காலியும் கணினியும் ஜீப்பும்கூட இப்படி ஜப்தியாகியிருக்கின்றன.

அதே பேருந்தை முப்பது ஆண்டு ஓட்டி ஓய்வுபெற்ற ஒருவரை எடுத்துக்கொள்வோம். பணிக்கொடை வரவில்லை, ஈட்டிய விடுப்புக்கான பணமும் வரவில்லை. உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட்டு உத்தரவு வாங்குகிறார். உத்தரவு நகல் கிடைத்த நாளிலிருந்து பன்னிரண்டு வாரம் கெடு. கெடு முடிந்தும் பணம் வரவில்லை. அவருக்கு அமீனா கிடையாது. வழக்கறிஞர் சொல்கிறார், “கன்டெம்ப்ட் போடலாம்.”

நியாயமான வழக்கில் ஜெயித்த முதியவர் நீதிமன்ற அவமதிப்பு என்று இரண்டாவதாக ஒரு வழக்குக்கு ஆயத்தமாக வேண்டியிருக்கிறது. இந்த இரண்டாவது வழக்கில் அவருடைய பணத்தைப் பற்றிய கேள்வி பின்னுக்குப் போய்விடுகிறது. அதிகாரி வேண்டுமென்றே நீதிமன்றத்துக்குக் கீழ்ப்படியாமல் இருந்தாரா என்பதுதான் அங்கே கேள்வி. பணத்தை வாங்கித் தருவதற்கென்று உருவாகாத ஒரு கருவியைப் பணம் வசூலிக்கப் பயன்படுத்துகிறோம். அதன் பலமும் பலவீனமும் இந்தப் பொருந்தாமையில்தான் இருக்கின்றன.

1971ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் உரிமையியல் அவமதிப்பு என்று எதைச் சொல்கிறது? நீதிமன்றத்தின் தீர்ப்பையோ ஆணையையோ தெரிந்தே, வேண்டுமென்றே மீறுவதை. நீதிமன்றத்துக்குக் கொடுத்த வாக்குறுதியை அதேபோல மீறுவதும் இதில் சேரும். தண்டனை, அதிகபட்சம் ஆறு மாத வெறுங்காவல், அல்லது 2,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். மன்னிப்பு உள்ளார்ந்தது என்று நீதிமன்றம் கருதினால் விட்டுவிடலாம். 1971இல் 2,000 ரூபாய் ஓர் உயர் அதிகாரியின் மாதச் சம்பளத்தையே உரசிப் பார்த்த தொகை. இன்றைக்கும் சட்டத்தில் அதே தொகைதான் நிற்கிறது. உயர் நீதிமன்றத்துக்கு அரசமைப்புச் சட்டத்தின் 215ஆம் பிரிவு தரும் அதிகாரம் இதைவிட விரிவானது என்றாலும், நாள்தோறும் நடக்கும் அவமதிப்பு வழக்குகள் இந்தச் சட்டத்தின் சட்டகத்துக்குள்தான் நடக்கின்றன.

இருந்தும் ஓய்வுபெற்றவர்கள் இதைத்தான் நம்புகிறார்கள். காரணம் இல்லாமல் இல்லை. ரிட் மனுவில் எதிர்த்தரப்பு ஒரு பதவி. ‘செயலாளர்’, ‘இயக்குநர்’, ‘மேலாண் இயக்குநர்’ என்று பதவிப் பெயரில் வழக்கு நடக்கும். அவமதிப்பு மனுவில் எதிர்த்தரப்பு ஆள். அந்த நாற்காலியில் இன்று உட்கார்ந்திருப்பவரின் சொந்தப் பெயரைப் போட்டுத்தான் மனு எழுத வேண்டும். மூன்றாண்டுகளாக எந்த மேசையில் இருக்கிறது என்றே தெரியாத கோப்பு, அந்தப் பெயருக்கு நோட்டீஸ் போனதும் நகரத் தொடங்கிவிடும். ஓய்வுபெற்ற கடைநிலை ஊழியர் ஒருவரின் மனுவுக்குத் துறைச் செயலாளரைப் பதில் சொல்ல வைக்கும் வழி நம் அமைப்பில் வேறெங்கே இருக்கிறது? கட்சிக்காரர் சிபாரிசோ சங்கத்தின் பலமோ இல்லாதவருக்கு இது பெரிய சமத்துவம். அதைக் குறைத்து மதிப்பிட எனக்கு மனம் வரவில்லை.

அது எவ்வளவு வேகமாக வேலை செய்யும் என்பதை 2021 நவம்பரில் உச்ச நீதிமன்றத்தில் பார்த்தோம். ராணுவத்தின் பெண் அதிகாரிகளுக்கு நிரந்தரப் பணி வழங்குவது பற்றி அந்த ஆண்டு மார்ச்சில் தீர்ப்பு வந்திருந்தது. பல மாதமாகியும் சிலருக்குக் கிடைக்கவில்லை. அவமதிப்பு மனு விசாரணைக்கு வந்தபோது, ராணுவத்தைக் குற்றவாளி என்று அறிவிக்கப் போவதாக நீதிபதிகள் சொன்னார்கள். மனுதாரர்களான 11 அதிகாரிகளுக்கும் நிரந்தரப் பணி வழங்க அன்றைக்கே ராணுவம் ஒப்புக்கொண்டது. மாதக்கணக்கில் முடியாதது ஒரு நாளில் முடிந்தது என்றால், அந்த மாதங்களில் தடையாக இருந்தது நிதியோ விதியோ இல்லை. மனம்தான்.

ஆனால் எல்லா வழக்கும் இப்படி முடிவதில்லை. ஏன் என்று பார்க்க, முதல் உத்தரவின் கடைசிப் பத்தியைப் படிக்க வேண்டும். தமிழ்நாட்டில் மாநில நிர்வாகத் தீர்ப்பாயம் கலைக்கப்பட்ட பிறகு, மாநில அரசு ஊழியரின் பணி சார்ந்த வழக்குகள் நேராக உயர் நீதிமன்றத்துக்கு வருகின்றன. பட்டியல் நீளமானது, நேரம் குறைவு. அதனால் ஏராளமான மனுக்கள் ஒரே வார்ப்பில் முடிகின்றன: மனுதாரரின் கோரிக்கை மனுவைத் தகுதியின் அடிப்படையில் சட்டப்படி பரிசீலித்து இத்தனை வாரத்துக்குள் உத்தரவு பிறப்பிக்க வேண்டும். மனுதாரருக்கு இது வெற்றி போலத் தெரியும். வீட்டில் இனிப்புகூட வாங்கியிருப்பார்கள். துறையோ பரிசீலிக்கும், பரிசீலித்து ‘விதிகளில் இடமில்லை’ என்று ஒரு பக்கக் கடிதம் அனுப்பும். உத்தரவு நிறைவேறிவிட்டது.

‘பரிசீலிக்க’ என்ற இந்தச் சொல்லால் வரும் குழப்பத்தை 2006இல் ஆந்திர மாநிலச் சாலைப் போக்குவரத்துக் கழகத்தின் வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம் விரிவாகவே பேசியிருக்கிறது. உரிமை இருக்கிறதா இல்லையா என்று முடிவு செய்யாமல் ‘பரிசீலியுங்கள்’ என்று மட்டும் சொல்லி அனுப்பினால், அதிகாரி அதைச் சலுகை கொடுக்கச் சொன்னதாகவும் எடுத்துக்கொள்ளலாம், மறுக்க விட்ட சுதந்திரமாகவும் எடுத்துக்கொள்ளலாம். இரண்டு ஆண்டு கழித்துத் தமிழ்நாட்டின் புவியியல், சுரங்கத் துறை சார்ந்த வழக்கு ஒன்றில் இதன் இன்னொரு முகத்தையும் நீதிமன்றம் காட்டியது: காலாவதியான கோரிக்கைகளுக்கு இந்த வகை உத்தரவுகள் புது உயிர் கொடுத்துவிடுகின்றன. ஆக, மெய்யான உரிமை உள்ளவருக்கு இந்த உத்தரவு போதாது. உரிமை இல்லாதவருக்கோ வீண் நம்பிக்கை தருகிறது.

இப்படி மறுக்கப்பட்டவர் அவமதிப்பு மனுவோடு வந்தால் கதவு சாத்தியிருக்கும். 1996இல் ராஜஸ்தான் பணிமூப்புப் பட்டியல் வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம் வகுத்த கோடு இது: உத்தரவுக்கு இணங்கி அதிகாரி ஏதோ ஒரு முடிவு எடுத்துவிட்டால், அந்த முடிவு தவறாகவே இருந்தாலும் அது புதிய வழக்குக்கான காரணம், அவமதிப்பு வழக்கில் அதன் சரி தவறை ஆராய முடியாது. 2014இல் நம் உயர் நீதிமன்றத்திலிருந்து போன வழக்கிலும் இதே தர்க்கம்தான். எண்ணெய், இயற்கை எரிவாயுக் கழகத்தின் வானொலிப் பணியாளர்களுக்காகக் கூடுதல் பணியிடங்களை உருவாக்கச் சொல்லி அவமதிப்பு வழக்கில் உயர் நீதிமன்றம் இட்ட ஆணையை உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. மூல உத்தரவின் நான்கு எல்லைக்குள் வெளிப்படையாக இல்லாத எதையும் அவமதிப்பு வழக்கில் சேர்க்கக் கூடாது என்றது.

சட்டக் கொள்கை என்ற அளவில் இது சரியானது. சிறைக்கு அனுப்பும் அதிகாரத்தைக் கையில் வைத்திருக்கும் நீதிமன்றம், உத்தரவில் இல்லாததை மீறியதாக ஒருவரைத் தண்டிக்கக் கூடாது. ஆனால் இதன் பாரம் யார் தலையில் விழுகிறது என்று பாருங்கள். உத்தரவை மங்கலாக எழுதியவர் நீதிபதி. அந்த மங்கலைப் பயன்படுத்திக்கொண்டவர் அதிகாரி. மறுபடி நீதிமன்றப் படியேறுபவர் எழுபது வயதுக்காரர்.

உத்தரவு தெளிவாக இருந்து, இவ்வளவு பணம், இந்தத் தேதிக்குள் என்றே எழுதப்பட்டிருந்தாலும் இன்னொரு பாதை திறந்தே இருக்கிறது. கெடு முடியும்வரை துறை மேல்முறையீடு செய்யாது. அவமதிப்பு நோட்டீஸ் வந்த பிறகுதான் ரிட் அப்பீல் தாக்கலாகும், தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவும் தடை கேட்கும் மனுவும் சேர்ந்து வரும். மேல்முறையீடு போட்டதாலேயே உத்தரவு நின்றுவிடாது என்பது சட்டம் படிக்கத் தொடங்கியவருக்கும் தெரியும். ஆனால் தடை கேட்ட மனு நிலுவையில் இருக்கும்போது அதை முதலில் கேட்டுவிட்டுத்தான் அவமதிப்பு வழக்கில் மேலே போவது முறை என்று 1995இல் உச்ச நீதிமன்றமே சொல்லியிருக்கிறது. நல்ல நோக்கத்தோடு சொன்ன முறைதான் அது. நடைமுறையில் அரசு வழக்கறிஞர் ‘அப்பீல் போட்டிருக்கிறோம், இன்னும் எண்ணாகவில்லை’ என்று ஒவ்வொரு வாய்தாவுக்கும் சொல்வதற்கு அது வாக்கியமாகிவிட்டது.

அதிகாரிகள் பக்கத்தையும் சொல்லியாக வேண்டும், ஏனென்றால் அங்கேயும் உண்மை இருக்கிறது. ஓர் ஓய்வூதியக் கோப்பு பள்ளி அல்லது பணிமனை அலுவலகத்தில் தொடங்கி, மாவட்ட அலுவலகம், இயக்குநரகம், துறைச் செயலகம், சில சமயம் நிதித் துறை, மாநிலக் கணக்காயர் அலுவலகம், கருவூலம் என்று போய் வர வேண்டும். பெயர் போட்டு நோட்டீஸ் வாங்கிய இயக்குநருக்கு நிதித் துறையின் ஒப்புதலைக் கட்டளையிட்டு வாங்க அதிகாரம் இல்லை. போக்குவரத்துக் கழகங்களில் நிலைமை இன்னும் மோசம். கட்டணத்தை முடிவு செய்வது அரசு, நட்டத்தைச் சுமப்பது கழகம். ஓய்வுபெற்றோருக்குப் பல ஆண்டாக நின்றுபோன அகவிலைப்படி, 2024 ஜனவரி வேலைநிறுத்தத்தின் முக்கியக் கோரிக்கைகளில் ஒன்றாக இருந்தது. கையில் பணமே இல்லாத மேலாண் இயக்குநர் ‘வேண்டுமென்றே’ மீறினார் என்று சொல்ல முடியுமா? அவமதிப்புச் சட்டம் ஒரு மனிதரின் மனத்துக்குள் எண்ணத்தைத் தேடுகிறது. தாமதமோ பத்து மேசைகளில் சிதறிக் கிடக்கிறது. எந்த மேசையிலும் முழுக் குற்றம் இல்லை. அதற்குள் அதிகாரிக்கு மாறுதல் வந்துவிடும், புதிதாக வந்தவருக்கு ‘இப்போதுதான் பொறுப்பேற்றேன்’ என்ற பதில் உண்மையிலேயே பொருந்தும், மனுவில் பெயரைத் திருத்த இன்னொரு மனு போட வேண்டும்.

இத்தனையையும் தாண்டி வழக்கு ஒரு முடிவுக்கு வருகிறது என்று வைத்துக்கொள்வோம். பெரும்பாலும் அந்த முடிவு எப்படி இருக்கும் தெரியுமா? விசாரணைக்கு முந்தின வாரம் பணம் வங்கிக் கணக்கில் ஏறும். அரசு வழக்கறிஞர் இணக்க அறிக்கையைத் தாக்கல் செய்வார். ‘உத்தரவு நிறைவேற்றப்பட்டதால் அவமதிப்பு மனு முடித்துவைக்கப்படுகிறது.’ இரண்டே வரி. தாமதத்துக்கு வட்டி இல்லை, மூல உத்தரவில் வட்டி இல்லையென்றால் இங்கே சேர்க்க முடியாது. வழக்குச் செலவும் இல்லை. இரண்டாண்டு தாமதத்துக்கு அதிகாரி கொடுத்த விலை ஒன்றுமில்லை. அடுத்த கோப்பு வரும்போது அவர் ஏன் அவசரப்படுவார்? நீதிமன்றம் தன் கௌரவம் காக்கப்பட்டதாகத் திருப்தி கொள்கிறது. ஆனால் இணங்கிய நாள்தான் முக்கியம், இழந்த நாட்கள் முக்கியமில்லை என்ற பாடத்தை ஒவ்வொரு முறையும் நிர்வாகத்துக்குச் சொல்லிக் கொடுக்கிறது. இந்த நடைமுறையின் ஆகப் பெரிய குறை இதுதான் என்பது என் எண்ணம். அதிகாரிகளைச் சிறைக்கு அனுப்பவில்லையே என்பது எனக்குக் குறையாகத் தெரியவில்லை.

இன்னொரு பொறியும் உண்டு. அவமதிப்புச் சட்டத்தின் 20ஆம் பிரிவுப்படி அவமதிப்பு நடந்ததாகச் சொல்லப்படும் நாளிலிருந்து ஓராண்டுக்குள் வந்துவிட வேண்டும். ‘ஃபைல் ஃபைனான்ஸில் இருக்கு சார், அடுத்த மாதம் வந்துவிடும்’ என்ற பேச்சை நம்பி, நேற்றுவரை தன்னோடு வேலை பார்த்தவர்கள்மீது வழக்குப் போடக் கூச்சப்பட்டு, பொறுத்திருந்தவருக்குத்தான் இந்தக் கெடு தப்பிப் போகிறது. நல்லிணக்கமாக இருந்ததற்கு அவர் தண்டனை பெறுகிறார்.

மறுபுறத்தில், இந்த அதிகாரம் அளவு மீறியபோது என்ன ஆனது என்பதையும் பார்த்தோம். 2023 ஏப்ரலில் அலகாபாத் உயர் நீதிமன்றம், ஓய்வுபெற்ற நீதிபதிகளுக்கு வீட்டுப் பணியாளர் முதலிய வசதிகள் தருவது பற்றிய விதிகளை அறிவிக்கச் சொல்லி உத்தரப் பிரதேச அரசுக்கு ஆணையிட்டது. ஆணை இட்ட பதினைந்து நாளில் நிதித் துறையின் இரண்டு செயலர்களைக் காவலில் எடுக்க உத்தரவானது. தலைமைச் செயலாளருக்குப் பிடி ஆணை. மறுநாளே உச்ச நீதிமன்றம் தடை விதித்தது. 2024 ஜனவரி 3 அன்று வந்த இறுதித் தீர்ப்பு அந்த ஆணைகளை ரத்து செய்ததோடு, அரசு அதிகாரிகளை நேரில் வரவழைப்பதற்கு ஒரு நெறிமுறையையே வகுத்தது: முதலில் விளக்கம் கேட்க வேண்டும், நேரில் வரச் சொல்வதற்கு முன் காணொலியை முயல வேண்டும், அதிகாரியின் உடையைப் பற்றியெல்லாம் பேசக் கூடாது, நிறைவேற்றக் கூடுதல் காலம் கேட்டால் பரிசீலிக்க வேண்டும்.

அந்த நெறிமுறை தேவையானது. நீதிமன்ற அறையில் ஒரு மூத்த அதிகாரியைக் கூனிக்குறுக நிற்கவைப்பதால் எந்த ஊழியருக்கும் நீதி கிடைத்துவிடாது. ஆனால் அந்த வழக்கு விட்டுச்சென்ற நெருடல் வேறு. பதினைந்து நாளில் காவல்வரை போன வேகம், நீதிபதிகளின் சலுகைகளுக்காக வந்தது. ஒரு துப்புரவுப் பணியாளரின் பணிவரன்முறைக்கோ சத்துணவு அமைப்பாளரின் ஓய்வூதியத்துக்கோ அந்த வேகம் வந்ததாக நான் அறிந்ததில்லை. நெறிமுறை அதிகாரிகளைத் தேவையற்ற அலைக்கழிப்பிலிருந்து காத்தது. ஊழியரின் கையில் இருந்த ஒரே அழுத்தம் அதனால் தளர்ந்தது, பதிலாக வேறொன்று அவருக்குத் தரப்படவில்லை.

அப்படியானால் தரக்கூடியது எது? ராணுவ ஓய்வூதியர்களின் ‘ஒரே பதவி, ஒரே ஓய்வூதியம்’ வழக்கில் ஒரு விடை கிடைக்கிறது. 2022 மார்ச் 16 அன்று வந்த தீர்ப்பு மூன்று மாதத்தில் நிலுவையைத் தரச் சொன்னது. அரசு கெடுவை நீட்டி வாங்கியது, மறுபடியும் நீட்டி வாங்கியது. பிறகு 2023 ஜனவரியில் நான்கு தவணையில் தருவதாகப் பாதுகாப்பு அமைச்சகம் தானாகவே ஒரு கடிதம் வெளியிட்டது. நீதிமன்றம் கடிந்துகொண்டது, கடிதத்தைத் திரும்பப் பெறச் சொன்னது. ஆனால் மார்ச் 20 அன்று செய்தது அதைவிட முக்கியமானது. பாக்கி சுமார் 28,000 கோடி ரூபாய், ஒரே மூச்சில் தருவது கடினம் என்பதை ஏற்றுக்கொண்டு, தேதி குறித்தது: குடும்ப ஓய்வூதியர்களுக்கும் வீரப்பதக்கம் பெற்றவர்களுக்கும் ஏப்ரல் 30க்குள் ஒரே தவணையில். எழுபது வயது கடந்தவர்களுக்கு ஜூன் 30க்குள். மற்றவர்களுக்கு 2024 பிப்ரவரிக்குள் மூன்று தவணைகளில்.

இதில் யாரும் சிறைக்குப் போகவில்லை. யாருக்கு முதலில், எந்தத் தேதியில் என்று எழுதியதால் அரசு சாக்குச் சொல்லும் இடம் சுருங்கியது. விதவைகளையும் முதியவர்களையும் வரிசையின் முன்னால் நிறுத்தியது எனக்கு மிகவும் பிடித்த பகுதி. காத்திருக்க ஆயுள் குறைவாக இருப்பவரை முதலில் பார்ப்பது கருணையும்கூட, கணக்கும்கூட.

தேதியோடு வட்டியும் சேர வேண்டும். ஓய்வூதியம் அரசு இஷ்டப்பட்டுத் தரும் கொடை ஆகாது, அது உழைத்துச் சம்பாதித்த உரிமை என்று 1982 டிசம்பர் 17இல் நகாரா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. அந்த நாளைத்தான் ஓய்வூதியர்கள் இன்றும் ஓய்வூதியர் தினமாகக் கொண்டாடுகிறார்கள். அதற்கு இரண்டாண்டு கழித்து, கேரள அரசு ஊழியர் ஒருவருக்குக் கடைசி ஊதியச் சான்றிதழ் வராததால் பணிக்கொடை தாமதமான வழக்கில், இப்படித் தாமதமானால் சந்தை வட்டியைத் தண்டமாகத் தர வேண்டும் என்று அதே நீதிமன்றம் சொன்னது. நாற்பது ஆண்டுக்கு முந்தைய தெளிவு அது. 1972ஆம் ஆண்டுப் பணிக்கொடைச் சட்டம் முப்பது நாளில் பணம், தவறினால் வட்டி, அதற்கும் தவறினால் ஆட்சியர் மூலம் நிலவரி பாக்கியைப் போல வசூல் என்று ஒழுங்காக எழுதி வைத்தது. அந்தச் சட்டத்தின் இடத்தில் 2025 நவம்பர் முதல் சமூகப் பாதுகாப்புச் சட்டத் தொகுப்பு நிற்கிறது. தனியார் ஆலைத் தொழிலாளிக்கு இப்படி ஒரு வசூல் ஏணி இருக்கும்போது, தனக்கென்று தனி விதிகள் வைத்துக்கொண்டிருக்கும் அரசின் ஊழியருக்கு மட்டும் அவமதிப்பு மனு என்ற ஒற்றைக் கயிறு போதும் என்று எப்படி நினைத்தோம்?

வட்டியும் கடைசியில் மக்கள் பணத்திலிருந்துதானே போகிறது என்று கேட்பவர்கள் இருக்கிறார்கள். நியாயமான கேள்வி. பதிலும் பழையதுதான். பொது அதிகாரியின் அலட்சியத்தால் வந்த இழப்பீட்டை முதலில் அரசு கொடுத்துவிட்டு, பொறுப்பானவர்களைக் கண்டறிந்து அவர்களிடமிருந்து பிடிக்க வேண்டும் என்று 1993இல் லக்னோ வளர்ச்சிக் குழும வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. கோப்பு எந்த மேசையில் எத்தனை நாள் இருந்தது என்பது இப்போது மின்னணுக் கோப்பு முறையில் தானாகவே பதிவாகிறது. பத்து மேசையில் சிதறிய குற்றத்தைப் பத்துப் பங்காகப் பிரிக்க இன்று கணக்கு இருக்கிறது. பணிப் பதிவேட்டைத் தொடும் தண்டனைக்கு இருக்கும் கூர்மை 2,000 ரூபாய் அபராதத்துக்கு ஒருபோதும் வராது. 2025 மே மாதம், குடிசைகளை இடித்த ஆந்திரத் துணை ஆட்சியர் ஒருவரை நீதிமன்ற அவமதிப்புக்காக வட்டாட்சியராகப் பதவியிறக்கம் செய்ய உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. அது ஓய்வூதிய வழக்கு இல்லை. ஆனால் அந்தச் செய்தியை நாடெங்கும் அதிகாரிகள் இருமுறை படித்திருப்பார்கள்.

அவமதிப்பு அதிகாரம் இருக்கட்டும். முகத்துக்கு நேரே மீறுகிறவருக்கு அது வேண்டும். ஆனால் தாமதத்துக்கான மருந்தை முதல் உத்தரவிலேயே வைத்துவிட வேண்டும்: எவ்வளவு தொகை அல்லது எந்த விதிப்படி கணக்கிட்ட தொகை, எந்தத் தேதிக்குள், தவறினால் அன்றிலிருந்து என்ன வட்டி, மேல்முறையீட்டுக்குப் போனால் தடைக்கு முன் எவ்வளவு நீதிமன்றத்தில் கட்ட வேண்டும். விபத்து இழப்பீட்டு வழக்குகளில் தொகையைக் கட்டிவிட்டு மேல்முறையீடு செய்யச் சொல்வது நம் நீதிமன்றங்களுக்குப் புதிது அல்ல. இப்படி எழுதிய உத்தரவு இருந்தால், தாமதிக்கும் ஒவ்வொரு மாதமும் நிதித் துறையின் கணக்கில் எண்ணாகத் தெரியும். அவமதிப்பு நீதிமன்றமும் எல்லை மீறாமல் வட்டியையும் சேர்த்து வசூலிக்க முடியும், ஏனென்றால் அது உத்தரவின் நான்கு எல்லைக்குள்ளேயே இருக்கும்.

இதற்குச் சட்டத் திருத்தம் வரும்வரை காத்திருக்க வேண்டியதில்லை. ரிட் மனுவின் கடைசிப் பக்கத்தில் ‘பரிசீலிக்க உத்தரவிட வேண்டும்’ என்று வழக்கறிஞர் தட்டச்சு செய்து கொண்டுவரும்போது, கையெழுத்துப் போடுவதற்கு முன் அந்த வரியை அடித்துவிட்டுத் தொகையையும் தேதியையும் வட்டி விகிதத்தையும் எழுதச் சொல்லி மனுதாரர் கேட்கலாம். அதற்குத் தனி மனுவோ கூடுதல் நீதிமன்றக் கட்டணமோ இல்லை.